கல்லில் ஒரு பன்மை விகுதி

பேச்சைக் குறைக்காவிட்டால் கத்தி வைக்க வேண்டிவரும் என்று கிள்ளானில் தொண்டை டாக்டர் சொன்ன பிறகுதான் நான் லத்தீன் படிக்கப் போனேன். இரண்டுக்கும் என்ன சம்பந்தம் என்று என் வீட்டுக்காரரே கேட்டார்.

கோலா சிலாங்கூர் வட்டாரத்து இடைநிலைப்பள்ளிகளில் இருபது வருடங்களுக்கு மேல் மலாய் மொழி சொல்லிக்கொடுத்தவள் நான். பின்வரிசைப் பையன்களுக்கும் கேட்கும்படி கத்திக் கத்தி, குரல் நாண்களில் காய்ப்பு விழுந்துவிட்டது. விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டேன். கோயில் பாடற்குழுவிலிருந்தும் நின்றுவிட்டேன். பேசாமல், பாடாமல் வீட்டில் உட்கார்ந்திருப்பது எனக்குப் பழக்கமே இல்லை. அந்த நேரத்தில்தான் பங்குக் கோயிலின் கைப்பேசிக் குழுவில் ஓர் அறிவிப்பு வந்தது. சனிக்கிழமை பிற்பகல்களில் இணையத்தில் லத்தீன் வகுப்பு, கட்டணம் இல்லை, வாயைத் திறக்க விருப்பமில்லாதவர்கள் பதிலைத் தட்டச்சு செய்து அனுப்பலாம் என்று போட்டிருந்தார்கள். அந்தக் கடைசி வரிக்காகவே சேர்ந்தேன். பாடற்குழுவில் பல வருடங்களாக லத்தீன் பாட்டுகளைப் பொருள் தெரியாமல் பாடியிருக்கிறேன். என்னதான் பாடினோம் என்று இப்போதாவது தெரிந்துகொள்ளலாமே என்று இருந்தது.

ஆசிரியர் ஈப்போவைச் சேர்ந்த ஒரு தமிழ் இளைஞர். சாமியார் ஆவதற்காகக் குருமடத்தில் சில வருடங்கள் படித்துவிட்டு, அந்த வாழ்க்கை தனக்கு ஒத்துவராது என்று வெளியே வந்தவர். வாடகை அறையிலிருந்து பாடம் நடத்துவார். அவருக்குப் பின்னால் சோற்றுப் பானையின் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருக்கும், பாதிப் பாடத்தில் அது டக்கென்று பச்சைக்கு மாறும். நான் பழைய ஆசிரியை என்று தெரிந்ததிலிருந்து அவர் என்னை ‘டீச்சர்’ என்றே கூப்பிட்டார். நான் அவரைத் ‘தம்பி’ என்றேன்.

முதல் சில வாரங்கள் படாத பாடு பட்டேன். பெயர்ச்சொற்களை எப்படியோ சமாளித்தேன். வினைச்சொற்கள்தான் என்னைத் தள்ளிவிட்டன. ‘பாடு’ என்ற ஒரு வினைக்கு கான்தோ, கான்தாஸ், கான்தாத், கான்தாமுஸ், கான்தாதிஸ், கான்தாந்த் என்று ஒரு வரிசை. அது நிகழ்காலத்துக்கு மட்டும். இறந்த காலத்துக்கு வேறு, எதிர்காலத்துக்கு வேறு, அதற்குள் நான்கு குடும்பங்கள், ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு உயிரெழுத்து. அட்டவணை போட்டு ஐஸ்பெட்டியில் ஒட்டிவைத்தேன். காலையில் மனப்பாடம் செய்தால் மத்தியானம் மறந்துவிடும். நான் ஆயுள் முழுக்கச் சொல்லிக்கொடுத்த மலாயில் வினைச்சொல் அசையவே அசையாது. சாயா பெர்கி, டியா பெர்கி, மெரேகா பெர்கி. நான் போனாலும் அவர்கள் போனாலும் ஒரே பெர்கிதான். எவ்வளவு பண்பான மொழி என்று எனக்கு அப்போதுதான் தோன்றியது.

வகுப்பில் இருந்த மற்றவர்கள் ஆங்கிலத்தில் யோசிப்பவர்கள். கிள்ளானிலிருந்து சேர்ந்த கணக்காளர் பெண்மணி ஒருவர், “கான்தாத் என்றால் அவன் பாடுகிறான் என்கிறீர்களே, அதில் அவன் எங்கே இருக்கிறான்?” என்று ஒவ்வொரு வாரமும் கேட்பார். நானும் அட்டவணையில் அந்த அவனைத்தான் தேடிக்கொண்டிருந்தேன்.

ஒரு நாள் நான் அட்டவணையோடு மல்லுக்கு நின்றுகொண்டிருந்தபோது, கூடத்தில் அம்மா கைப்பேசியில் பேசிக்கொண்டிருந்தார். அம்மாவுக்கு எழுபது தாண்டிவிட்டது, அப்பா போன பிறகு எங்களோடுதான் இருக்கிறார். உலு யாமில் இருக்கும் சின்னம்மாவிடம் என் மகனைப் பற்றியும் மருமகளைப் பற்றியும் சொல்லிக்கொண்டிருந்தார்.

“நேத்துதான் வந்தாங்க. வந்தான், சாப்பிட்டான், படுத்துட்டான். என்னான்னு கேட்டா சிரிக்கிறா. காலையில கிளம்பிட்டாங்க லா.”

நான் பேனாவைக் கீழே வைத்துவிட்டேன். அம்மா ஓர் இடத்திலும் ‘அவன்’ என்றோ ‘அவள்’ என்றோ சொல்லவில்லை. அப்படியும் யார் சாப்பிட்டது, யார் சிரித்தது, எத்தனை பேர் கிளம்பியது என்று எதிலும் குழப்பமில்லை. எல்லாம் வினையின் வாலில் இருந்தது. பாடுகிறேன், பாடுகிறாய், பாடுகிறான், பாடுகிறோம், பாடுகிறீர்கள், பாடுகிறார்கள். கான்தோ முதல் கான்தாந்த் வரை அதே ஆறு படிகள்தான். நான் பிறந்ததிலிருந்து செய்துகொண்டிருக்கும் காரியத்தை ஐஸ்பெட்டியில் ஒட்டி மனப்பாடம் செய்துகொண்டிருந்தேன்.

அடுத்த சனிக்கிழமை கணக்காளர் வழக்கமான கேள்வியைக் கேட்டதும், ‘அவன் கடைசி எழுத்தில் இருக்கிறான்’ என்று தட்டச்சு செய்து அனுப்பினேன். தம்பி சத்தமாகச் சிரித்தார். “டீச்சருக்குப் பிடிபட்டுடுச்சி,” என்றார். அன்றிலிருந்து எனக்கு வகுப்பு பயமில்லாமல் போனது. ஒரு வாக்கியம் வந்தால் வினையின் வாலை முதலில் பிடிப்பேன். முஸ் என்றால் நாம், ந்த் என்றால் அவர்கள். பிறகு மற்றது தானாக வரும்.

சில மாதங்கள் கழித்து, விருப்பத்தைச் சொல்லும் வினை வடிவத்துக்கு வந்தோம். நடக்கிறது என்று சொல்லாமல் நடக்கட்டும் என்று சொல்வது. தம்பி எனக்காகத் தமிழிலேயே விளக்கினார்.

“நம்ம ‘அட்டும்’ தான் டீச்சர். வரட்டும், போகட்டும், பாடட்டும். ஆனா ஒரு வித்தியாசம் இருக்கு. தமிழ்ல அவன் வரட்டும், அவங்க வரட்டும், ரெண்டும் ஒண்ணுதான். லத்தீன்ல அப்படி இல்ல. இதுலயும் ஒருமை, பன்மை தனித்தனி. வாலைப் பார்த்தாத்தான் தெரியும்.”

பயிற்சிக்கு அவர் கொடுத்த வினை, இளைப்பாறு. ரெக்வியெஸ்காம், ரெக்வியெஸ்காஸ், ரெக்வியெஸ்காத் என்று எழுதிக்கொண்டே வந்தேன். ரெக்வியெஸ்காத் இன் பாச்சே, அவர் அமைதியில் இளைப்பாறட்டும். கல்லறைகளில் எழுதுகிற வாசகம். சுருக்கமாக ஆர், ஐ, பி என்று மூன்றெழுத்தில் எழுதுவது இதைத்தான் என்றார் தம்பி. பன்மையில், ரெக்வியெஸ்காந்த். அவர்கள் இளைப்பாறட்டும்.

காந்த் என்று எழுதியபோது என் கை நின்றுவிட்டது. அந்தச் சொல்லை நான் இதற்கு முன்பே எழுதியிருக்கிறேன். ஒருமுறை இரண்டுமுறை இல்லை, வருடந்தோறும் எழுதியிருக்கிறேன், கறுப்புச் சாயத்தில், சின்ன தூரிகையால். கடைசி எழுத்துகளுக்குச் சிமெண்டில் இடம் போதாமல் நெருக்கி எழுதியிருப்பார்கள். ஒல்லியாக நிற்கும் அந்த ஆங்கில ‘என்’ எழுத்துக்குள் தூரிகையை நுழைக்கவே சிரமமாக இருக்கும்.

அது என் பெரியம்மாவின் கல்லறை.

பெரியம்மா, அம்மாவின் ஒரே அக்கா. நான் பார்த்ததில்லை. இன்றைக்கு பெஸ்தாரி ஜெயா என்று அழைக்கப்படும் ஊருக்கு உள்ளே, ஒரு ரப்பர்த் தோட்டத்துத் தொழிலாளர் லயத்தில் இரண்டு பேரும் வளர்ந்தார்கள். பெரியம்மா அதே தோட்டத்தில் கல்யாணம் செய்துகொண்டு, முதல் பிரசவத்தில் இறந்துபோனார். குழந்தையும் அன்றே இறந்தது. அம்மாவுக்கு அப்போது பத்து வயதுதான் இருக்கும். சின்னப் பிள்ளைகள் கல்லறைக்கு வரக் கூடாது என்று வீட்டிலேயே நிறுத்திவிட்டார்கள். அடக்கம் முடிந்து வந்த பெண்கள் சமையற்கட்டில் பேசிக்கொண்டதை அம்மா கேட்டிருக்கிறார். ஞானஸ்நானம் வாங்காத பிள்ளையை மந்திரித்த மண்ணில் வைக்க மாட்டார்கள், வேலிக்கு வெளியே எங்கேயோ புதைத்துவிட்டார்கள் என்று.

அன்றைக்கு நம்பிக்கை அப்படித்தான் இருந்தது. அந்தக் குழந்தைகள் மோட்சத்துக்கும் போக முடியாது, தாயோடும் இருக்க முடியாது என்று பெரியவர்கள் சொல்வார்கள். அம்மா யாரிடமும் எதுவும் கேட்கவில்லை. பெரியப்பா சிங்கப்பூருக்குப் போனவர் திரும்பி வரவேயில்லை. தாத்தாவிடம் அந்தப் பேச்சை எடுக்கவே முடியாது. கேட்க வேண்டியவர்கள் ஒவ்வொருவராகப் போய்விட்டார்கள்.

வருடத்துக்கு ஒருமுறை கல்லறைத் திருநாளுக்கு நாங்கள் எல்லோரும் அந்தத் தோட்டத்துக்குப் போவோம். அம்மா பெரியம்மாவின் கல்லறையில் மெழுகுவர்த்திகள் ஏற்றுவார். பிறகு ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு வேலியைச் சுற்றிப் போய், வெளியே புல்லில் ஏற்றிவைப்பார். சின்ன வயதில் ஏன் என்று கேட்டால், “வெளிய இருக்கிறவங்களுக்கு,” என்று மட்டும் சொல்வார். என் மகன் பிறந்து, அவனுக்கு ஞானஸ்நானம் கொடுத்த அன்றுதான் என்னிடம் முழுதாகச் சொன்னார். தண்ணீர் ஊற்றும்போது என்னைவிட அதிகமாக அழுதவர் அவர்தான்.

நடுவில் ஒரு பங்குச் சாமியார் அம்மாவிடம் தன்மையாகச் சொன்னார். “அந்தக் கதையெல்லாம் இப்போ இல்லம்மா. கடவுள் சின்னப் பிள்ளைங்கள வெளிய நிக்க வைக்க மாட்டாரு.” அம்மா, “சரி ஃபாதர்,” என்றார். அந்த வருடமும் வேலியைச் சுற்றிப் போனார்.

இதெல்லாம் எனக்கு வகுப்பின் நடுவே நினைவுக்கு வந்தது. பாடம் முடியும்வரை பொறுத்திருந்துவிட்டு, கைப்பேசியில் போன வருடத்துப் படங்களைத் தேடினேன். அம்மா கல்லறை அருகே குந்தியிருக்கும் ஒரு படம் இருந்தது. பெரிதாக்கிப் பார்த்தேன். பெரியம்மாவின் பெயர், வருடம், அதற்குக் கீழே அந்த வரி. ஒரே ஒரு பெயர். ஆனால் வினை, காந்த் என்று முடிந்திருந்தது.

நான் ஓடிப்போய் அம்மாவிடம் சொல்லவில்லை. முதலில் படத்தைத் தம்பிக்கு அனுப்பி, விஷயத்தையும் சுருக்கமாக எழுதினேன். அவர் உடனே கூப்பிட்டார்.

“பன்மைதான் டீச்சர், சந்தேகமே இல்ல,” என்றார். “ஆனா ஒண்ணு சொல்றேன், கோவிச்சிக்காதீங்க. இறந்தவங்களுக்கான பொது ஜெபத்துலயும் ரெக்வியெஸ்காந்த்னுதான் வரும். விசுவாசிகள் எல்லாரோட ஆன்மாவும்னு சொல்றதால அங்க பன்மை. கல்லு எழுதுனவரு ஜெபப் புத்தகத்தப் பார்த்து அப்படியே எழுதியிருக்கலாம்.”

“அப்ப எப்படித்தான் தெரிஞ்சிக்கிறது, தம்பி?” என்று அடித்தொண்டையில் கேட்டேன்.

“அதே கல்லறைத் தோட்டத்துல அதே கையெழுத்துல வேற கல்லு இருக்கான்னு பாருங்க. ஒரு ஆளுக்குக் காத், ரெண்டு பேருக்குக் காந்த்னு மாத்தி எழுதியிருந்தா, அவருக்கு வித்தியாசம் தெரியும்னு அர்த்தம். எல்லாத்துலயும் காந்த்னு இருந்தா, அவரு சும்மா காப்பி அடிச்சிருக்காரு.”

அந்த வார நடுவிலேயே போனோம். அம்மாவிடம், தோட்டத்து ரோடு எப்படி இருக்கிறது என்று திருநாளுக்கு முன்னால் பார்த்துவிட்டு வருகிறோம் என்று சொல்லிவிட்டு, வீட்டுக்காரரும் நானும் மட்டும் கிளம்பினோம். அவர் மின்சார வேலை செய்பவர். எதையும் கம்பி எங்கே போகிறது என்று பார்த்துத்தான் நம்புவார். காரில் போகும்போது நான் காத், காந்த் என்று விளக்கியதை எல்லாம் பொறுமையாகக் கேட்டார்.

“ஒரு எழுத்துக்காகவா லா இவ்ளோ தூரம்?” என்றார். பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டு, “சரி, சரி, பார்ப்போம்,” என்று வேகத்தைக் கூட்டினார்.

ரப்பர் போய் எப்போதோ செம்பனை வந்துவிட்டது. லயங்கள் இல்லை. வாசலில் நேப்பாளக் காவலாளி கார் நம்பரை எழுதிக்கொண்டு உள்ளே விட்டார். செம்பனை வரிசைகளுக்கு நடுவே, கம்பி வேலிக்குள், கல்லறைத் தோட்டம் மட்டும் அப்படியே இருந்தது. முதல்நாள் மழையில் மண் காலைப் பிடித்து இழுத்தது. திருநாளுக்கு முந்தி வந்ததால் புல் முழங்கால்வரை வளர்ந்திருந்தது.

பெரும்பாலான கல்லறைகளில் மரச் சிலுவை உளுத்துப்போய் வெறும் மண்மேடுதான் மிச்சம். சிமெண்டில் கட்டியவற்றிலும் பலவற்றில் மூன்றெழுத்துச் சுருக்கம். அதில் ஒருமையும் தெரியாது, பன்மையும் தெரியாது. ஒவ்வொரு கல்லாகக் குனிந்து பார்த்துக்கொண்டே போனேன். என் வீட்டுக்காரர் மறுபக்கத்திலிருந்து பார்த்துக்கொண்டு வந்தார்.

பெரியம்மாவின் கல்லில் ‘கியூ’ எழுத்துக்கு வால் நீளமாக, அடுத்த எழுத்தின் அடிவரை ஓடும். அந்தக் காலத்தில் தோட்டத்துக்கு வந்துபோன வெள்ளைக்காரச் சாமியார், ஈரச் சிமெண்டில் தன் கையாலேயே ஆணியால் எழுதுவார் என்று அம்மா சொன்னதுண்டு. அதே வாலைத் தேடினேன். மூலையில் ஒரு கல்லில் இருந்தது. ஓர் ஆண் பெயர், அதன் கீழே முழு வாசகம். விரலால் தடவிப் படித்தேன். காத்.

“இங்க ஒருமை!” என்று நான் போட்ட சத்தத்தில் தொண்டை எரிந்தது.

பக்கத்திலேயே இன்னொன்று. ஒரு பெண் பெயர். அதுவும் காத். எனக்குக் கால் தரையில் நிற்கவில்லை. அப்போது வீட்டுக்காரர் கூப்பிட்டார்.

“இங்க வந்து பாரு. இதுல உன் ‘என்’ இருக்கு.”

போனேன். அதே நீள வால். காந்த் என்று தெளிவாக இருந்தது. ஆனால் மேலே ஒரே ஒரு பெயர்தான், ஓர் ஆணின் பெயர். நான் அங்கேயே புல்லில் உட்கார்ந்துவிட்டேன். ஒரே ஆளுக்குப் பன்மை என்றால் தம்பி சொன்னதுதான் சரி. அந்தச் சாமியார் தோன்றியபடி எழுதியிருக்கிறார். பெரியம்மாவின் கல்லுக்கும் எந்த அர்த்தமும் இல்லை. அம்மாவிடம் அவசரப்பட்டுச் சொல்லாமல் இருந்ததே நல்லது என்று மனதைத் தேற்றிக்கொண்டேன்.

என் வீட்டுக்காரர் என்னைப் பார்க்கவில்லை. அவர் கல்லையே பார்த்துக்கொண்டிருந்தார். “பேருக்கும் இந்த வரிக்கும் நடுவுல ஏன் இவ்ளோ இடம் விட்டிருக்காங்க?” என்று தனக்குத்தானே கேட்டுக்கொண்டார். அந்த இடம் முழுக்கப் பாசி படிந்து கறுப்பாக இருந்தது. அவர் கார்ச் சாவியால் மெல்லச் சுரண்டினார். பச்சைத் தோல் உரிந்து வந்தது. முதலில் ஒரு கோடு, பிறகு ஒரு வளைவு, பிறகு ஒரு பெண்ணின் பெயர். பெயருக்குப் பின்னால் ‘மனைவி’ என்று தமிழில் பொடியாக எழுதியிருந்தது.

கணவனும் மனைவியும். இரண்டு பேர். காந்த்.

“அந்தச் சாமியாருக்கு இலக்கணம் தெரியும் போல,” என்றார் என் வீட்டுக்காரர். அவர் கண் கலங்கியிருந்ததை நான் பார்க்காதது மாதிரி இருந்துவிட்டேன். இன்னும் சில கல்லறைகளைத் தேடிப் பார்த்தோம். அந்தக் கை எழுதிய கல் எதுவும் தவறவில்லை. ஒருவர் என்றால் காத். பெரியம்மாவின் கல்லுக்கு வந்து நின்றோம். ஒரு பெயர், காந்த். பெயர் இல்லாத இன்னொருவரையும் சேர்த்துத்தான் அந்தச் சாமியார் எண்ணியிருக்கிறார்.

வீட்டுக்கு வந்தபோது அம்மா பின்வாசலில் பாசிர் பெனம்பாங்கில் வாங்கிய மீனை ஆய்ந்துகொண்டிருந்தார். எப்படி ஆரம்பிப்பது என்று காரில் பலவிதமாக யோசித்து வைத்திருந்தேன். ஒன்றும் நினைவில்லை. அவர் எதிரில் முக்காலியைப் போட்டு உட்கார்ந்து, இருந்தது இருந்தபடி சொன்னேன். கைப்பேசியில் படங்களைக் காட்டினேன். அம்மாவுக்கு ஆங்கில எழுத்துகள் ஓரளவுக்குத் தெரியும். இது ஒருத்தர், இது ஒருத்தர், இது புருஷன் பெண்சாதி, இங்கே மட்டும் இந்த எழுத்து கூட இருக்கிறது பாருங்கள் என்று ஒவ்வொன்றாகக் காட்டிவிட்டு, பெரியம்மாவின் கல்லைக் காட்டினேன்.

அம்மா கையைக் கழுவிக்கொண்டு வந்து கைப்பேசியை வாங்கினார். மூக்குக்கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு பார்த்தார்.

“இதுலயும் இருக்கு, அந்த எழுத்து.”

“ஆமாம்மா.”

“அப்ப ரெண்டு பேரு.”

“ரெண்டு பேருதான்.”

“உள்ளயா? அக்கா கூடயா?”

“கூடத்தாம்மா. அவங்க இளைப்பாறட்டும்னு எழுதியிருக்கு. அவ இளைப்பாறட்டும்னு எழுதல. நம்ம தமிழ்ல ரெண்டும் ஒரே மாதிரிதான் வரும். அதான் நமக்கு இத்தன வருசமா தெரியல.”

மீனைச் சுற்றிப் பூனை வருவதைக்கூட அம்மா விரட்டவில்லை. பிறகு மெல்ல, தனக்குள் கணக்குப் போடுகிற மாதிரி சொன்னார்.

“உள்ள வெச்சிருந்தா, தண்ணி ஊத்தியிருக்காங்கன்னுதானே அர்த்தம், பாப்பா? ஞானஸ்நானம் இல்லாம அந்தச் சாமியாரு உள்ள விட்டிருக்க மாட்டாரு. ரொம்பக் கண்டிப்பானவரு.”

“ஆபத்துன்னா யார் வேணும்னாலும் ஊத்தலாம்மா. சாமியார்தான் வரணும்னு இல்ல.”

அம்மா என்னை நிமிர்ந்து பார்த்தார். அவர் முகம் மாறுவதை நான் கண்ணால் கண்டேன்.

“நர்சம்மா தண்ணி கேட்டாங்க,” என்றார். “தோட்டத்து ஆஸ்பத்திரியில பிரசவம் பார்க்கிறவங்க, மலையாளத்து அம்மா, கழுத்துல பெரிய சிலுவ போட்டிருப்பாங்க. கதவத் தொறந்து, குடிக்கிற தண்ணி ஒரு டம்ளர் கொண்டான்னாங்க. சுடுதண்ணி இருக்குன்னு சொன்னேன். அது வேணாம், நல்ல தண்ணி, சீக்கிரம்னாங்க. நான்தான் ஓடிப்போயி மொண்டு குடுத்தேன். அக்காவுக்குத் தாகம்னு நெனச்சேன். வெளிய வந்தப்ப டம்ளர்ல பாதித் தண்ணி அப்படியே இருந்துச்சி. அக்கா குடிக்கலையேன்னு அப்ப அழுதேன்.”

சொல்லிக்கொண்டே அழ ஆரம்பித்தார். நான் அவர் பக்கத்தில் போய் உட்கார்ந்துகொண்டேன். அறுபது வருடத்துக்கு முந்திய நினைவு, அதில் எது நடந்தது, எது பிறகு சேர்ந்துகொண்டது என்று யாராலும் சொல்ல முடியாது. அந்த நர்சம்மா என்ன செய்தார் என்று நான் சத்தியம் செய்ய மாட்டேன். ஆனால் கல்லில் இருந்த எழுத்து இருந்ததுதான். அம்மா அழுது முடித்து, முந்தானையால் முகத்தைத் துடைத்து, மூச்சை நீளமாக விட்டார். அப்படி ஒரு மூச்சை நான் அவரிடம் கேட்டதே இல்லை. ஆஸ்பத்திரியில் ஒன்றுமில்லை என்று டாக்டர் சொன்னதும் வெளியே வந்து விடுகிற மூச்சு மாதிரி இருந்தது.

“பேரு வெச்சிருப்பாங்களா?” என்று கேட்டார்.

“அது தெரியாதும்மா. கல்லுல இல்ல.”

“பரவால்ல. ஆணா, பொண்ணா?”

“அதுவும் இந்த வாலுல தெரியாது. லத்தீன்ல ரெண்டுக்கும் ஒண்ணுதான்.”

“பொண்ணுதான்,” என்றார் அம்மா, உறுதியாக. “துணியோட பார்த்தேன்ல. அக்கா மூக்கு.” பிறகு பூனையை அதட்டிவிட்டு, மீன் சட்டியை எடுத்துக்கொண்டு உள்ளே போனார்.

தம்பிக்கு அன்று சாயங்காலமே படங்களை அனுப்பினேன். அவர் ஒன்றும் எழுதவில்லை, கூப்பிட்டார். “குருமடத்துல இந்தப் பாடத்துல நான் ஃபெயில் டீச்சர்,” என்று சொல்லிச் சிரித்தார். இரண்டு பேரும் சிரித்தோம்.

கல்லறைத் திருநாளுக்கு எல்லோருமாகப் போனோம். புல் வெட்டி, கல்லைக் கழுவி, எழுத்துகளுக்குச் சாயம் பூசினோம். அந்த வருடம் தூரிகையை அம்மா வாங்கிக்கொண்டார். பழக்கம் இல்லாததால் எழுத்து கொஞ்சம் தடித்துத்தான் போனது. மெழுகுவர்த்திகளை எல்லாம் பெரியம்மாவின் கல்மேலேயே வரிசையாக ஏற்றினார். வேலிப் பக்கம் திரும்பியும் பார்க்கவில்லை. பாசி சுரண்டிய கல்லில் இருந்த கணவன் மனைவிக்கு யாரும் வந்ததாகத் தெரியவில்லை. அவர்களுக்கும் இரண்டு ஏற்றச் சொன்னார்.

திரும்பும் வழியில் ஈஜோக்கில் சாலையோரம் செண்டோல் வண்டியைப் பார்த்து நிறுத்தச் சொன்னார் அம்மா. சர்க்கரை இருக்கிறது, வேண்டாம் என்றேன். “இன்னிக்கு ஒரு நாளு லா,” என்றார். பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து, கரண்டியால் ஐஸைக் குத்திக்கொண்டே, திடீரென்று சொன்னார்.

“அக்காவுக்குக் கோவம் வந்தா சட்டிய வீசுவா, தெரியுமா?”

எங்களுக்குத் தெரியாது. பெரியம்மா எப்படி இறந்தார் என்பது மட்டும்தான் எனக்குத் தெரியும். உயிரோடு இருந்தபோது எப்படி இருந்தார் என்று அம்மா ஒருநாளும் சொன்னதில்லை.

“ஒரு தடவ பக்கத்துத் தோட்டத்துல படம் போட்டாங்க. தெரை கட்டி, தெடல்ல. அப்பா வேணாம்னுட்டாரு. இவ வேல வாங்குற மண்டோர் சைக்கிள எடுத்துக்கிட்டு, என்னைப் பின்னால ஒக்கார வெச்சிக்கிட்டுக் கெளம்பிட்டா. அவளுக்கு சைக்கிளே ஓட்டத் தெரியாது. நேரா கால்வாயில எறக்கிட்டா. ரெண்டு பேரும் சேறோட ஒக்காந்து முழுப் படமும் பார்த்துட்டுத்தான் வந்தோம். வீட்டுல அடி அவளுக்கு மட்டும்தான். தங்கச்சிய நான்தான் இழுத்துட்டுப் போனேன்னு நின்னுட்டா.”

அம்மா சிரித்தார். செண்டோல் நாக்கில் பச்சையாக ஒட்டியிருந்தது. என் வீட்டுக்காரர் இன்னொரு கிண்ணம் சொன்னார், யாரும் தடுக்கவில்லை. காரில் ஏறியதும் வானொலியை அணைத்துவிட்டு, “அப்புறம் அத்தே?” என்று கேட்டார். கோலா சிலாங்கூர் வந்து சேரும்வரை அம்மா பேசிக்கொண்டே வந்தார்.